காலப்பாகு உற்பத்தியில் எங்கள் சாதனை

அண்டங்கள் எத்தனை கோடி இருந்தாலும் அத்தனையிலும் பொழுது விடிவது எங்கள் ஆபீஸின் புண்ணியத்தால்தான் என்பதைப் பணிவன்புடன் தெரிவித்துக்கொள்கிறேன். திருமுல்கேரி பஸ் ஸ்டாப்புக்கு எதிரே, காம்பவுண்டுச் சுவருக்குள் இருக்கும் பொதுத்துறை நிறுவனம் எங்களுடையது. நான் அதில் பணியாளர் பிரிவு சூப்பரின்டெண்ட், பத்ரிநாராயணன்.

காலம் தானாக ஓடுகிறது என்று பாமரர்கள் நினைக்கிறார்கள். அதற்கு அடியில் 'காலப்பாகு' என்று ஒரு வஸ்து இருக்கிறது. அது வற்றினால் பொழுது நகராது. பழுப்பு நிறம், லேசான வெல்ல வாசனை. விரலில் தொட்டு இழுத்தால் இரட்டைக் கம்பிப் பதம் வரவேண்டும், அதுதான் ஏற்றுமதித் தரம்.

இதைக் கண்டுபிடித்தவர் எங்கள் ஜெனரல் மானேஜர் சக்ரபாணி. என் அறைக்கு வெளியே மனு கொடுக்க வருபவர்கள் உட்காரும் பெஞ்சுக்கு அடியில் தரை பிசுபிசுத்தது. டீயைக் கொட்டியதாகப் பியூனுக்கு மெமோ கொடுத்தோம். சக்ரபாணி தொட்டு முகர்ந்து பார்த்துவிட்டு மெமோவை ரத்து செய்தார். மனிதர்கள் காத்திருக்கும் இடத்தில் அது ஊறுகிறதாம்!

அதுவரை வேறு சரக்கு செய்துகொண்டிருந்த பாய்லரையும் இயந்திரங்களையும் அன்றோடு நிறுத்திவிட்டோம். மூலப்பொருள் முழுக்க முழுக்கச் சுதேசி. நாலு மேஜை தாண்டிய ஃபைலை ஒன்பது மேஜை தாண்ட வைத்தோம். விஷயம் தெரியாதவர்கள் இதைத் 'தாமதம்' என்பார்கள்.

எங்களுடைய முதல் தரப் பாகு விஜயகுமாரியிடமிருந்து வந்தது. அவள் அப்பா தேவராஜ் எங்கள் பாய்லர் வெடித்து இறந்தவர். வாரிசுக்கு வேலை உண்டு, ஆனால் இருபத்தைந்து வயதுக்குள் உத்தரவு கையில் இருக்கவேண்டும். இருபத்திரண்டு வயதில் வர ஆரம்பித்தாள். தினமும் லாலாகுடாவிலிருந்து பஸ் பிடித்து வருவாள். திட்டிக்கொண்டே காத்திருப்பவர்களிடம் நுரைதான் வரும். இந்தப் பெண் முதுகை நிமிர்த்தி வாய் திறக்காமல் உட்கார்ந்திருப்பாள். தங்கமான பெண்.

எழுபத்தெட்டு நவம்பரில் ஏழாம் எண் அண்டத்திலிருந்து பாகு கொள்முதல் செய்ய ஓர் அதிகாரி வந்தார். பாவம், அங்கே மனு கொடுத்த வாரமே காரியம் முடிந்துவிடுகிறதாம். யாரும் காத்திருப்பதில்லை, பாகு ஊறுவதில்லை, ஐப்பசி மாதம் பத்தொன்பது நாளில் தீர்ந்துபோய்விட்டதாம்.

அந்த அதிகாரியின் பெயரும் விஜயகுமாரி. அதே முகம், அதே நிமிர்ந்த முதுகு. மூக்குக் கண்ணாடி மட்டும் கூடுதல். அங்கேயும் தேவராஜ் பாய்லரில்தான் இறந்திருக்கிறார். மகளுக்கு நாலாம் நாளே வேலை கிடைத்து, படிப்படியாக ஆபீஸராகிவிட்டாள். வராந்தாவில் இருவரும் ஒருவரையொருவர் வெகுநேரம் பார்த்துக்கொண்டார்கள். எத்தனை நாளாக இந்தப் பெண் இங்கே உட்கார்ந்திருக்கிறாள் என்று அதிகாரி கேட்டார். மூன்று வருஷம் ஆகப் பதினொரு நாள்தான் பாக்கி, அதற்குள் வயது வரம்பும் முடிந்துவிடும் என்று பெருமையோடு சொன்னேன்.

"எனக்குப் பாகு வேணாம் ஸார். முதல்ல இவளுக்கு வேலையைக் குடுங்க" என்றார். சிபாரிசுக் கடிதம் ஒன்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டுப் புறப்பட்டுப் போனார்.

சக்ரபாணி கடிதத்தையும் பெஞ்சுக்காரியின் மனுவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். கையெழுத்து அச்சு அசல். தகப்பனார் பெயர் ஒன்று, பிறந்த தேதி ஒன்று.

"ரெண்டும் ஒரே ஆள்தான் ஓய்" என்றார். "ஏற்கெனவே உத்தியோகத்துல இருக்கறவளுக்கு எப்படி ஓய் வாரிசு வேலை கொடுக்கறது?"

'மனுதாரர் ஏற்கெனவே அதிகாரியாகப் பணியில் உள்ளார். கோப்பு முடிக்கப்பட்டது' என்று நான்தான் குறிப்பு எழுதினேன். கை கொஞ்சம் கூசியது, ஆனால் வாசகம் அழகாக வந்துவிட்டது. ஒன்பது மேஜையையும் ஃபைல் ஐம்பது நிமிஷத்தில் தாண்டியது. இப்படியும் எங்களுக்கு வேலை செய்யத் தெரியும்.

அவளைக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னேன். அழுவாள் என்று பார்த்தேன். குறிப்பை வாங்கி இரண்டு தடவை படித்தாள்.

"நான் வேலையில இருக்கேன்னு நீங்களே எழுதியிருக்கீங்க. அப்புறம் எதுக்கு ஸார் வெளியில உட்காரணும்? எந்த சீட்டுன்னு சொல்லுங்க, போய் வேலையைப் பார்க்கறேன்."

இருபத்தாறு வருஷ சர்வீஸில் இப்படி ஒரு நியாயமான கேள்வியை நான் சந்தித்ததில்லை. நியாயமாக இருந்ததால்தான் பயமாகவும் இருந்தது. எழுத்துமூலமாகக் கொடுக்கும்படியும், பரிசீலித்து முடிவு சொல்லும்வரை வெளியே இருக்கும்படியும் கேட்டுக்கொண்டேன். எழுதிக் கொடுத்தாள். போய் பெஞ்சில் உட்கார்ந்தாள்.

சக்ரபாணி தாமே குனிந்து, பெஞ்சுக்கு அடியில் பாகு பிடிக்கப் புதுத் தட்டு ஒன்றை வைத்தார். அவளுக்கு மிச்சம் இருந்தது அந்தப் பதினொரு நாள்தான். அதையும் நாங்களே எடுத்துக்கொண்டோம்.