தீவில் நான் செய்த தீயணைப்பு

ஓய்வு பெற்றவனை நம்பி வீட்டுச் சாவியைக் கொடுக்கலாம், ரேஷன் கார்டைக் கொடுக்கலாம். வாளியை மட்டும் கொடுக்கக் கூடாது. என் கையில் வாளி கிடைத்ததால், நாலு பக்கமும் கடல் சூழ்ந்த ஒரு தீவில், எங்கள் ஊர்ப் பக்கம் யாரும் கேள்விப்பட்டிராத ஒரு பறவைக் குடும்பத்துக்கு நேர்ந்த கதியை இங்கே எழுதுகிறேன். (சிரிப்பு வந்தால் சிரித்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் யாரும் என் அனுமதிக்காகக் காத்திருப்பதில்லை.)

சிவகாசிப் பக்கம் நாரணாபுரத்தில் ஒரு பட்டாசுக் கம்பெனியில் போர்மேனாக இருந்து ஓய்வு பெற்றவன் நான். வேதியியலில் பட்டம் வாங்கியவன். போர்மேன் என்றால் வெடி செய்கிறவர் என்று வெளியூர்க்காரர்கள் நினைக்கிறார்கள். தவறு. போர்மேன் என்றால் எண்ணுகிறவர். ஓர் அறைக்குள் நாலு பேருக்கு மேல் இருக்கக் கூடாது. ஆகவே தலைகளை எண்ண வேண்டும். வாசலில் தண்ணீர் வாளி எத்தனை, மணல் வாளி எத்தனை என்று எண்ண வேண்டும். எண்ணிக்கொண்டே இருந்ததால்தான் என் காலத்தில் ஒரு விரலுக்குக்கூடச் சேதம் இல்லை. இப்படிப்பட்டவனை வீட்டில் உட்கார வைத்தால் என்ன ஆகும்? மாடியில் காயும் துணிகளை எண்ணினேன். விருந்தாளிகளை வரும்போது ஒரு தடவையும் போகும்போது ஒரு தடவையும் எண்ணினேன்.

“போறப்ப எதுக்கு எண்ணுறீக? யாரையாச்சும் நாம புடிச்சு வச்சுக்கிட்டோமா?” என்று என் மனைவி பாக்கியம் கேட்டாள். இன்னொரு தடவை எண்ணிப் பார்த்தேன். கணக்கு மட்டும் சரியாக இருந்தது.

என் மருமகள் நிவேதா மல்லாங்கிணற்றுப் பெண். எங்கள் சொந்தத்தில் மருமகள் என்றால் பி.காம். படித்துவிட்டு கம்பெனிக் கணக்கைப் பார்ப்பாள். எனக்கு வாய்த்தவளோ அந்தமானுக்கும் தெற்கே ஒரு தீவில் கோழியைப் பார்க்கிறாள். (கோழி இல்லை, கோழி மாதிரி. அந்த வித்தியாசத்தைப் பிறகு நன்றாகக் கற்றுக்கொண்டேன்.) முனைவர் பட்டத்துக்கான ஆராய்ச்சி. அவளுக்குக் களத்தில் இரண்டு உதவியாளர்கள். அதில் ஒருவருக்கு மஞ்சள் காமாலை வந்துவிட்டது. மகனுக்கு அச்சகத்தில் காலண்டர் சீசன். மூச்சு விட நேரமில்லை.

“மாமா வரட்டுமே. உக்காந்து பாத்து எண்ணுற வேலைதான்” என்றாள் நிவேதா.

அவள் வாக்கியத்தை முடிக்கும் முன்பே பாக்கியம் பெட்டியை எடுத்துத் தூசி தட்டிக்கொண்டிருந்தாள்.

கப்பலிலும் பிறகு படகிலும் நான் பட்ட பாட்டை எழுதினால் நீங்கள் சாப்பிட முடியாது. சுருக்கமாகச் சொன்னால், உள்ளே போனதைவிட வெளியே வந்தது அதிகம், எண்ணியவன் சொல்கிறேன். அந்த நிலையில்தான் நிவேதா எனக்குப் பறவையைப் பற்றிப் பாடம் எடுத்தாள். “இது அடைகாக்காது மாமா. மண்ணையும் இலையையும் குவிச்சு மேடு கட்டி, முட்டையை உள்ள புதைச்சிரும். இலை மக்குற சூட்டுலதான் குஞ்சு பொரிக்கும். அந்தச் சூட்டை அளக்குறதுதான் நம்ம வேலை.”

நான் கண்ணை மூடிக்கொண்டு, “தெரியும்மா, தெரியும்” என்றேன். எனக்குத் தெரிந்தது குமட்டல் ஒன்றுதான். போர்மேனாக இருந்தவன் ‘தெரியாது’ என்று சொல்லிப் பழகுவதில்லை.

தீவில் எங்களை வரவேற்றவர் இன்னோர் உதவியாளர், சேவியர். அப்பா தூத்துக்குடியிலிருந்து போய்க் குடியேறியவர். மழையில் மரத்தடியில் அசையாமல் உட்காருவது, காமிராவுக்கு பேட்டரி மாற்றுவது, அட்டைப் பூச்சிக்கு ரத்தம் கொடுப்பது எல்லாமே அவர் வேலை. “ஆராய்ச்சின்னா நான் எழுதுறது இல்ல மாமா. சேவியர் அண்ணன் உக்காந்து பாக்குறதுதான். நான் கூட்டிக் கழிக்கிறேன், அம்புட்டுத்தான்” என்று நிவேதா சொன்னாள். நான் தலையாட்டிவிட்டு, இருட்டிப்போயிருந்ததால் எதையும் சுற்றிப் பார்க்காமல் போய்ப் படுத்துவிட்டேன்.

விடிந்தது. ராத்திரி மழை பெய்து ஓய்ந்திருந்தது. பல் தேய்க்க வெளியே வந்தவன் குடிசைக்குப் பின்னால் அதைப் பார்த்தேன். ஒரு மேடு. இடுப்பு உயரம். மண்ணும் மக்கிய இலையும் கலந்த குவியல். அதிலிருந்து ஆவி பறந்துகொண்டிருந்தது.

நனைந்த மருந்துக் குவியல் தானாகச் சூடேறித் தீப்பிடிப்பது என்றால் என்ன என்று எங்கள் பக்கத்தில் எந்த போர்மேனையும் கேளுங்கள். அந்தக் கேள்விக்கே அவர் எழுந்து நின்றுவிடுவார். கிட்டே போய்ப் புறங்கையை வைத்தேன். சுட்டது. குவியலின் நடுவிலிருந்து மெல்லிசாகக் கறுப்பாக ஒன்று நீட்டிக்கொண்டிருந்தது. சிவகாசிக்காரன் கண்ணுக்கு அது வேறு என்னவாகத் தெரியும்? திரி! அதன் நுனியில் சிவப்பாக ஒரு பொறி மின்னி மின்னி அணைந்தது. பக்கத்திலேயே படகுக்காரர் இறக்கி வைத்த டீசல் கேன்கள். ஆறு.

“வெளிய ஓடுங்க! எல்லாரும் வெளிய ஓடுங்க!” என்று கத்தினேன். ஏற்கெனவே எல்லாரும் வெளியேதான் இருந்தார்கள். அந்தத் தீவில் பெரும்பாலும் வெளியே மட்டும்தான் இருக்கிறது. நிவேதா கடற்கரையில் இருந்தாள். சேவியர் காட்டுக்குள் ஒதுங்கியிருந்தார்.

முதலில் திரியைப் பிடுங்கி எறிந்தேன். அடுத்து டீசல் கேன்களை உருட்டிவிட்டேன். பிறகு மண்வெட்டியால் குவியலைக் கிழித்துப் பரப்பினேன். உள்ளே இன்னும் சூடு. குடிசை வாசலில் மழைத்தண்ணீர் பிடித்து வைத்த டிரம் இருந்தது. வாளியால் மொண்டு மொண்டு ஊற்றினேன். லுங்கி அவிழ்ந்தது, கட்ட நேரமில்லை, பல்லால் கடித்துக்கொண்டு ஊற்றினேன். டிரம் காலியாகும்வரை இருபத்தேழு வாளி. ஆவி நின்றது. நாற்பது பேர் வேலை செய்யும் கம்பெனியைக் காப்பாற்றியவன் மாதிரி இடுப்பில் கை வைத்து நின்றேன்.

அப்போதுதான் சேற்றில் அதைப் பார்த்தேன். இளஞ்சிவப்பாக, வாத்து முட்டையைவிடப் பெரிதாக ஒரு முட்டை.

பட்டாசு மருந்தில் முட்டை போடும் வழக்கம் எங்கள் பக்கம் கிடையாது.

சத்தம் கேட்டு இருவரும் ஓடி வந்தார்கள். நிவேதா மேட்டைப் பார்த்தாள். முட்டையைப் பார்த்தாள். நான் எறிந்த ‘திரி’யைப் பார்த்தாள், மேட்டுக்குள் சூட்டை அளக்கும் கருவியின் ஒயர் அது, மின்னியது அதன் விளக்கு. கடைசியில் என்னைப் பார்த்தாள். திட்டவில்லை. திட்டியிருந்தால் வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். மண்டி போட்டு, முட்டையை இரண்டு கையாலும் எடுத்து, புரட்டாமல் அப்படியே மண்ணுக்குள் வைத்தாள்.

“அண்ணாச்சி, தீ எங்கன இருந்துச்சு?” என்று சேவியர் மெதுவாகக் கேட்டார்.

“வந்திருக்கும்” என்றேன்.

“வந்திருந்தா அணைக்கத் தண்ணி இருந்திருக்கும். இப்பக் குடிக்கத்தான் இல்ல.”

டிரம்மில் இருந்தது மூவரும் குடிக்க வைத்திருந்த தண்ணீர். அடுத்த மழைவரை இளநீர்தான்.

பிறகு நிவேதா விஷயத்தைச் சொன்னாள். அவள் பார்த்துக்கொண்டிருந்த மேடுகளில் அந்தப் பருவத்தில் முட்டை இருந்தது இது ஒன்றில்தான். இப்படிக் கலைத்துவிட்டால் பறவைகள் மேட்டைக் கைவிட்டுப் போய்விடலாம். போனால் முட்டை வீண், அவளுடைய மூன்று வருட உழைப்பு வீண். நடந்ததை வனத்துறைக்கு எழுதியே ஆக வேண்டும். தீவில் இருக்கும் அனுமதியும் போகலாம்.

“எழுதாம இருந்தா என்னம்மா?” என்றேன்.

“அது முடியாது மாமா. ஆனா பறவை திரும்பி வந்துச்சான்னும் சேத்து எழுதலாம். அதுக்கு யாராச்சும் பாக்கணும். மேட்டுக்குப் பக்கத்துல வச்சிருந்த காமிராவும் நனைஞ்சு செத்துருச்சு.” (அதையும் நான்தான் கொன்றிருக்கிறேன்.)

“நான் பாக்குறேன்.”

“அசையாம இருக்கணும், மாமா. தும்மக் கூடாது. வாளியெல்லாம் தொடவே கூடாது.”

சேவியர் மாற்று ஒயர் ஒன்றை மேட்டுக்குள் செருகினார். சற்றுத் தள்ளி ஓலை மறைப்பு கட்டி, என்னை உள்ளே உட்கார வைத்து, எப்படி மூச்சு விடுவது என்பதிலிருந்து சொல்லிக்கொடுத்தார். அவரும் நானும் முறை வைத்துக் காத்தோம். அன்று வரவில்லை. மறுநாளும் வரவில்லை. என் காலில் அட்டைகள் ஏறின, எண்ணினேன், உதறவில்லை. சுவரில்லாத இடத்தில் எண்ணுவதற்கு ஒரு தலைகூட இல்லாமல் உட்கார்ந்திருந்த அந்த நேரத்தில் எனக்குத் தோன்றியதெல்லாம் ஒன்றுதான்: மல்லாங்கிணற்றுச் சம்பந்தி முகத்தில் இனி எப்படி விழிப்பது?

மூன்றாம் நாள் காலை, என் முறை. புதருக்குள் இலை அரைபடும் சத்தம். முதலில் ஒரு கால் வந்தது. உடம்புக்குப் பொருந்தாத அளவு பெரிய கால். பின்னாலேயே பழுப்பு நிறத்தில் ஒரு பறவை, அதன் பின்னால் இன்னொன்று. இரண்டும் மேட்டைப் பார்த்துவிட்டுக் கத்தின பாருங்கள்! பாக்கியம் ஊரிலிருந்து திரும்பி வந்து அடுப்படியைப் பார்த்துப் போடும் அதே சத்தம்.

பிறகு பெரியது ஏறிப் பள்ளம் பறித்தது. தலையை உள்ளே விட்டு வெளியே எடுத்தது. இன்னோர் இடத்தில் விட்டு எடுத்தது. என் புறங்கை செய்த அதே வேலையை அது மூக்கால் செய்தது, ஆனால் புத்தியோடு. திரும்பி நின்று, நனைந்த இலையைக் காலால் பின்னுக்கு வாரித் தள்ள ஆரம்பித்தது. ஒரு தள்ளு, இரண்டு தள்ளு... நான் எண்ண ஆரம்பித்தேன். தள்ளிய ஈர இலை ஒரு கணக்கு, காட்டிலிருந்து இழுத்துக் கொண்டுவந்த காய்ந்த இலை ஒரு கணக்கு, மண் ஒரு கணக்கு. பெரியதுக்குத் தனி, சின்னதுக்குத் தனி. சேவியர் வந்து தோளைத் தொட்டபோதுகூட உதட்டை மட்டும் அசைத்துக்கொண்டிருந்தேன்.

“போயிச் சாப்பிடுங்க அண்ணாச்சி.”

“மொத்தம் எண்ணூத்திப் பன்னெண்டு. இங்கயிருந்து நீரு எண்ணும்” என்றேன். அவர் உட்கார்ந்து எண்ணூற்றுப் பதிமூன்றிலிருந்து தொடர்ந்தார். வாழ்க்கையில் நான் ஒருவரிடம் கணக்கை நம்பி ஒப்படைத்தது அதுதான் முதல் தடவை.

இரண்டு பேரும் மாறி மாறிப் பார்த்தோம். நிவேதா எங்கள் எண்ணிக்கையையும் ஒயர் காட்டிய சூட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். ஒரு மாலை, குடிசைக்குள்ளிருந்து “மாமா!” என்று கத்திக்கொண்டு ஓடி வந்தாள். நான் பயந்து கையைத் தூக்கிக்கொண்டு எழுந்து நின்றேன்.

“பழைய சூட்டுக்கு வந்துருச்சு மாமா! சூடு குறைஞ்ச பக்கமாப் பாத்துக் காஞ்ச இலையைக் கூடப் போட்டிருக்கு. அளவு தெரிஞ்சு போடுது! இதை எப்படிச் செய்யுதுன்னு தெரிஞ்சுக்கணும்னா மேட்டைக் குளிர வச்சுத்தான் பாக்கணும். அதுக்கு அனுமதி கேட்டா, கேட்டவளையே படகுல ஏத்தி அனுப்பிருவாக. நீங்க கேக்காமச் செஞ்சிட்டீக!”

அறிக்கையில் எல்லாவற்றையும், என் லுங்கி உட்பட, உள்ளபடி எழுதினாள். வனத்துறையிலிருந்து கடுமையான எச்சரிக்கை ஒன்று வந்தது, அனுமதி மட்டும் தப்பிப் பிழைத்தது. நான் கிளம்ப வேண்டிய வாரத்தில் மேடு லேசாகக் குலுங்கி, மண்ணைத் தள்ளிக்கொண்டு ஒரு குஞ்சு வெளியே வந்தது. தாயைத் தேடவில்லை, தகப்பனைத் தேடவில்லை. இறகை உதறிக்கொண்டு எங்கள் மூவரையும் பார்த்துவிட்டுத் தன் பாட்டுக்குக் காட்டுக்குள் நடந்துபோனது. சேவியர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். எனக்குப் பேரன் பிறந்த மாதிரி இருந்தது. (பின்னால் நிஜப் பேரன் பிறந்தபோது இவ்வளவு குலுக்கவில்லை என்று மகன் சொல்கிறான்.)

பிறகு ஒரு நாள், பெரிய பெரிய ஆராய்ச்சியாளர்கள் கூடிய ஓர் அரங்கில் நிவேதா இதை விளக்கியபோது சேவியரும் நானும் முன்வரிசையில் இருந்தோம். காமிரா சாகும் முன் கடைசியாகப் பிடித்து வைத்திருந்த படம் திரையில் ஓடியது: லுங்கியைப் பல்லில் கடித்துக்கொண்டு ஒரு கிழவன் இங்குமங்கும் வாளியோடு ஓடுகிறான். அரங்கம் குலுங்கியது. சிரிப்பு அடங்கியதும் ஒருவர், “மேட்டைக் குளிரவைத்தது யார்?” என்று கேட்டார்.

“எங்க களப்பணியாளர்” என்று நிவேதா கை நீட்டினாள். “திரும்பி வந்த பறவையைக் கண் இமைக்காமப் பாத்ததும் அவரும் சேவியர் அண்ணனும்தான். இந்தத் திரையில இருக்குற ஒவ்வொரு எண்ணும் இவங்க எண்ணுனது.”

சேவியர் என்னையும் இழுத்துக்கொண்டு எழுந்தார். அரங்கம் முழுக்கக் கைதட்டல். எதையும் எண்ணும் நான் அதை மட்டும் எண்ணவில்லை. கண்ணீர் மறைத்தது.

இப்போது எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் இருக்கிறது. இட்லிக் கொப்பரையில் ஆவி வரும்போது நான் அடுப்படிப் பக்கம் போனால், பாக்கியம் கரண்டியைக் குறுக்கே நீட்டி மறித்துக்கொண்டு குரல் கொடுப்பாள்:

“ஏம்மா நிவேதா, சீக்கிரம் வா! உன் மாமா ஆராய்ச்சிக்கு வந்துட்டாக!”