ஸ்பிரிங்வெளிக்கு நான் கொடுத்த டொக்டர்

உயர்கல்வி பற்றி எழுதுகிற பத்திரிகையாளனுக்கு முதலில் வேண்டியது அடக்கம். எனக்கு அது பிறவியில் வரவில்லை. ஸ்பிரிங்வெளித் தேயிலைத் தோட்டத்தில், ஒலிவாங்கிக்கு முன்னால், ஊரே பார்த்திருக்க வந்து சேர்ந்தது.

அப்போது எனக்கு இருபத்தாறு வயது. ஒரு வாரப் பத்திரிகையின் உயர்கல்விப் பக்கத்தில் என் பெயர் நான்கு தடவை வந்திருந்தது. (ஒரு தடவை எழுத்துப் பிழையோடு. அதையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.) பதுளை பஸாரில் எங்கள் வாப்பாவுக்குத் துணிக்கடை. அங்கே ஒரு மூலையில் உட்கார்ந்து, சாரம் வாங்க வருகிறவர்களுக்கெல்லாம் பல்கலைக்கழக அனுமதி பற்றி அறிவுரை வழங்குவேன். வாப்பா துணியை வெட்டி மடித்துக் கொடுக்கும்வரை அவர்களால் தப்பி ஓட முடியாது.

நம் நாட்டில் உயர்தரப் பரீட்சையில் எடுத்த புள்ளி மட்டும் போதாது. அனுமதிக்குக் குறைந்தது எவ்வளவு வேண்டும் என்கிற வெட்டுப்புள்ளி மாவட்டத்துக்கு மாவட்டம் வேறு. அது பெரிய அட்டவணை: இடது ஓரத்தில் மாவட்டங்கள், வலது பக்கமாக நீண்டுபோகும் பாடநெறிகள். அந்த வருட அட்டவணை காலையில் என் போனுக்கு வந்த கொஞ்ச நேரத்தில் மாரிமுத்து அண்ணன் கடைக்கு வந்தார். ஸ்பிரிங்வெளி தேயிலைத் தொழிற்சாலையில் வேலை செய்கிறவர். மகள் சுதர்ஷினி இரண்டாம் தடவை உயர்தரம் எழுதியிருந்தாள்.

"மெடிசின் கெடைக்காதுன்னு புள்ள சொல்லுது தம்பி. அதுக்கு என்னாங்க தெரியும்? நீங்க பாத்து சொல்லுங்க" என்று புள்ளி எழுதிய காகிதத் துண்டை நீட்டினார்.

போனில் அட்டவணையைப் பெரிதாக்கினேன். பெரிதாக்கினால் மருத்துவப் பத்தி பளிச்சென்று தெரியும். ஆனால் மாவட்டப் பெயர்கள் திரைக்கு வெளியே போய்விடும். (போகட்டுமே! பதுளை எத்தனையாவது வரி என்று எனக்குத் தெரியாதா?) மேலிருந்து விரலால் எண்ணிக்கொண்டு வந்தேன்.

"அண்ணே, ஒங்க மக டொக்டர்!"

மனிதர் என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, எங்கள் கடையிலேயே நல்ல பொன்னாடை ஒன்று வாங்கினார். மகளுக்கு என்று நினைத்தேன். எனக்காம்; மாலையில் தோட்டத்துக்கு வரவும் சொன்னார்.

அன்று வேலை விட்டதும் தோட்டத்துக் கோயில் முன்னால் கூட்டம் கூடிவிட்டது. தப்பு மேளம் முழங்க, அவர்கள் குடியிருக்கும் லயத்திலிருந்து என்னை அழைத்துப் போனார்கள். பொன்னாடை போர்த்தினார்கள். நானும் சும்மா இருந்தேனா? ஒலிவாங்கியைப் பிடித்து, இனி இந்தத் தோட்டத்தில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும் கவலையில்லை என்கிற அளவுக்குப் போய்விட்டேன்.

கைதட்டலுக்கு நடுவே சுதர்ஷினி மேடைக்கு வந்தாள். முகத்தில் சிரிப்பில்லை. கூச்சப்படுகிறாள் என்று நினைத்தேன்.

"நானா, அந்த அட்டவணையில இடப்பக்கம் பாத்தீங்களா?" என்று, முஸ்லிம் அண்ணன்மாரை எங்கள் பக்கம் கூப்பிடுகிற முறையில், மெதுவாகக் கேட்டாள்.

மெதுவாகத்தான் கேட்டாள். ஆனால் ஒலிவாங்கி எங்கள் இருவருக்கும் நடுவில் இருந்தது. போனை எடுத்து, திரையை நகர்த்திப் பார்த்தேன். நான் வாசித்த வரி மொனராகலை. பதுளை அதற்கு மேல் வரி. அங்கே வெட்டுப்புள்ளி அவள் எடுத்ததைவிட அதிகம்.

தப்பு நின்றுபோனது. ஓடிவிடலாம் என்று பார்த்தால், கீழே போகிற பஸ்ஸுக்கு இன்னும் ஒரு மணி நேரம் இருந்தது.

"மெடிசின் இல்லன்னு காலையிலயே சொன்னேன் நானா. பேப்பர்ல எழுதுறவரே சொல்லிட்டாருன்னு அப்பா என் வாய அடைச்சிட்டாரு" என்றாள். "நம்ம மாவட்டத்து வரியில உயிரியல் விஞ்ஞானம் எனக்கு இருக்கு. நம்ம லயத்துல யாரும் இதுவரைக்கும் கெம்பஸ் போகல. அத யாருமே கேக்க மாட்டேங்குறாங்க."

அந்த நிமிடம் நான் பட்ட வெட்கத்தை இன்றுவரை மறக்கவில்லை. இந்த முறை இடப்பக்கத்திலிருந்து ஒவ்வொரு கட்டமாக விரலை நகர்த்தினேன். அவள் சொன்னது சரி. அதை ஒலிவாங்கியில் அறிவித்தேன். (இனிமேல் என்னை யார் நம்புவார்கள்?)

மாரிமுத்து அண்ணன் மேடையேறி நேரே என்னிடம் வந்தார். அடிக்கப்போகிறார் என்று கண்ணை மூடிக்கொண்டேன். என் தோளிலிருந்த பொன்னாடையை உருவி மகளுக்குப் போர்த்தினார். "புள்ள சொன்னத நான் கேட்டிருக்கணும்" என்று சொல்லிவிட்டுத் தப்புக்காரர் பக்கம் திரும்பி, "அடிங்கய்யா!" என்று கத்தினார்.

கதை எனக்கு முன்னால் பதுளைக்குப் போய்விட்டது. கடை வாசலிலேயே வாப்பா கேட்டார்: "பொன்னாடைய வித்தது நான், வாங்கினது அவர், போட்டது அந்தப் புள்ள. நடுவில நீ எதுக்கு மகன் போன?"

இன்றும் எங்கள் வீட்டில் நான் எதைச் சொன்னாலும் ஒரே கேள்விதான். பெண் பார்த்துவிட்டு வந்து பிடித்திருக்கிறது என்றதற்கு, உம்மா, "இடப்பக்கம் பாத்தியா மகன்?" என்றார்.

சுதர்ஷினி இப்போது ஒரு பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளர். அச்சுக்குப் போகுமுன் என் அட்டவணைகளைச் சரிபார்ப்பவளும் அவள்தான். போன மாதம் மாரிமுத்து அண்ணனைப் பஸாரில் கண்டேன். புதுத் தொழிற்கல்லூரி ஒன்றைப் பற்றிக் கேட்டார். நான் உற்சாகமாக விளக்கி முடித்தேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டுப் போனை எடுத்தார்.

"கோவிச்சுக்காதீங்க தம்பி. புள்ளகிட்ட ஒரு வார்த்த கேட்டுக்கிறேன்."