தாளத்துக்கு மொச்சை

டெல்மரின் பிடில் வில் மறுபடியும் பக்கத்துப் பிடில்காரரின் கௌபாய் தொப்பியைத் தட்டிவிட்டது. டைரக்டர் கிராண்டல் கேமராவை நிறுத்தச் சொன்னார்.

"இவரு ஏன் எல்லாத்தையும் மாத்திப் பிடிச்சிருக்காரு?"

"இடக்கைக்காரன் சார்," என்றார் குழுத் தலைவர் போ. "ஓக்லஹோமால இவன் வாசிக்கிற ஸ்விங் ஆட்டப் பாட்டைக் கேக்கத்தான் டான்ஸ் ஹாலுக்குக் கூட்டமே வருது."

"இங்க கேக்க வேண்டியதை நேத்தே பதிவு பண்ணியாச்சு. வலது கையில பிடிச்சு சும்மா ஆட்டச் சொல்லுங்க."

டெல்மர் ஆட்டினான். விறகு அறுப்பது போலிருந்தது.

குதிரைமேல் உட்கார வைத்தால் கை அவ்வளவாகத் தெரியாது என்றார் கிராண்டல். ஒலிபெருக்கியில் பாட்டு அதிர்ந்ததும் குதிரை அவனை வைக்கோலில் இறக்கிவிட்டு, செட்டு வேலியைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு வெளியே போனது.

டெல்மர் வைக்கோலைத் தட்டிவிட்டு எழுந்தான். ஊரில், ஆர்ட்மோரில், மாமனாரின் சாப்பாட்டுக் கடையில், காசு போட்டால் மூன்று நிமிடப் பாட்டுப் படம் காட்டும் பெட்டி வந்திருந்தது. மாப்பிள்ளை அதில் வரப்போவதாக அவர் ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தார்.

"எப்படியாவது மூஞ்சி தெரியற மாதிரி நிறுத்துங்க சார்," என்றான் கிராண்டலிடம்.

நிறுத்தினார். பிடிலை ஓர் அழகான துணை நடிகனிடம் கொடுத்துவிட்டு, டெல்மருக்கு ஏப்ரன் கட்டி, கொதிக்கும் மொச்சைப் பானை முன்னால் கரண்டியோடு நிறுத்தினார்.

"தாளத்துக்குக் கிண்டுங்க. இடக்கையே போதும்."

படம் வந்த அன்று கடையில் நிற்க இடமில்லை. மாமனார் காசைப் போட்டார். டெல்மரின் பிடில் கடை முழுக்க ஒலித்தது. பெட்டிக்குள் எவனோ ஒருவன் பல் தெரியச் சிரித்தபடி வில்லை இழுத்தான். அவனுக்குப் பின்னால் டெல்மர் கிண்டினான், ருசி பார்த்தான், ஒரு சிட்டிகை உப்புத் தூவி, தீயைத் தணித்து, மறுபடி கிண்டினான்.

படம் முடிந்தது.

"மாமா, அந்தப் பிடில் சத்தம் என்னுதுதான்," என்றான் டெல்மர்.

மாமனார் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "கண்ணை மூடிக்கிட்டா நல்லாத்தான் இருக்கு மாப்பிள்ளை."

மாமியார் மட்டும் அணைந்த பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, டெல்மரின் தோளை ஒட்டி நின்ற மகளிடம் திரும்பினார்.

"ஏண்டி ஓபல், கல்யாணம் ஆனதுலேர்ந்து இவரு தனக்கு வெந்நீர் வைக்கக்கூடத் தெரியாதுன்னுல்ல சொல்லிக்கிட்டிருந்தாரு?"