நூடுல்ஸில் ஒரு முள்

நான் கவிதை எழுதுகிறவன். அதனால் யாருக்கும் பெரிய சேதமில்லை. எனக்குச் சமையலும் வரும் என்று நினைத்துக்கொண்டேன் பாருங்கள், அதில்தான் ஒரு தாயும் மகளும் மேற்கொண்டு இரண்டு வருடம் பேசாமல் இருந்தார்கள்.

செல்விக்கும் எனக்கும் காதல் கல்யாணம். காசிமேட்டில் மீன் விற்கும் அவள் அம்மா, "உன் வூட்டு வாசப்படிய மிதிக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டுப் போனவர். எங்கள் பக்கத்தில் பகையுள்ள வீட்டில் கை நனைக்கமாட்டார்கள். ஒரு வாய் உள்ளே போய்விட்டால் பகை தீர்ந்தது என்று அர்த்தம்.

அந்த அத்தை, ஒரு சனிக்கிழமை மதியம் தண்டையார்பேட்டையில் எங்கள் வீட்டுக்கு வருவதாகச் சொல்லியனுப்பினார். செல்விக்கு எண்ணூர் கம்பெனியில் லீவு கிடைக்கவில்லை, அன்று அரை நாள் வேலை. முதல் நாளே சங்கரா மீன் குழம்பு வைத்து மூடிவைத்தாள். "அம்மாவுக்கு மறுநாள் குழம்புதான் புடிக்கும். நீ சோத்த மட்டும் ஆக்கி வை. நான் ஒரு மணிக்கு வந்துடுவேன்."

காதில் விழுந்தது. மண்டையில் ஏறவில்லை. முதன்முதலாக வருகிற மாமியாருக்கு நேற்றைய குழம்பா? அலமாரியில் நாலு நூடுல்ஸ் பாக்கெட். வறண்டு சுருண்ட அந்தச் சின்னச் சின்ன அலைகளுக்கு ஒரு கடலைக் கொடுத்தால் என்ன என்று தோன்றியது. (இப்படித் தோன்றும்போதே என்னை யாராவது கட்டிப்போட்டிருக்க வேண்டும்.)

வெங்காயம், தக்காளி, ஒரு கைப்பிடி முருங்கைக்கீரை, இரண்டு முட்டை. அதன் தலையில் சட்டியோடு குழம்பைக் கவிழ்த்தேன். ஆசை தீரக் கிளறினேன். சங்கரா இழை இழையாக உதிர்ந்து, எது நூடுல்ஸ் எது முள் என்று படைத்தவனுக்கே தெரியாமல் போனது. சோறு ஆக்கவே இல்லை.

அத்தை வந்தார். நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"எங்கபா அவ?"

"கண்டெய்னர் லாரியா நிக்குதாம், பஸ்ஸு நகரல. நீங்க சாப்புடுங்க அத்தை."

தட்டைப் பார்த்தார். "இன்னாபா இது, அறுந்த வலையாட்டம் கீது?" குனிந்து முகர்ந்தார். முகம் இளகியது. "கொழம்பு அவ வெச்சதா? என் கொழம்பு வாசன வருது."

முதல் வாயை எடுத்து வைத்தார். மென்றார். நிறுத்தினார். கண் பிதுங்கியது. பிறந்ததிலிருந்து மீன் தின்று வளர்ந்தவர் தொண்டையில், என் வீட்டில், முள்!

"சோறு... ஒரு உருண்ட வெறுஞ்சோறு குடுபா!"

"ஆக்கலயே அத்தை."

"வாழப்பயம்?"

"இல்லியே. இன்னும் கொஞ்சம் நூடுல்ஸ்..." (ஆமாம், கேட்டேன்.)

வாயில் இருந்ததைத் துப்பிவிட்டு எழுந்தார். பக்கத்து வீட்டு மேரியக்கா ஓடிவந்து இழுத்துப்போய் சோற்றை உருட்டிக் கொடுத்தார். முள் இறங்கியது. இறங்கிய பிறகு ஒரு தட்டுச் சோறும் இறங்கியது, மேரியக்கா வீட்டில். போகும்போது அத்தை எங்கள் வாசலில் நின்றார்.

"மீன்காரி பொண்ண கட்டிக்கினு மீன இப்டி கலீஜ் பண்ணிட்டியேபா!"

ஷேர் ஆட்டோ ஏறிவிட்டார்.

இருபது நிமிடம் கழித்துச் செல்வி மூச்சு வாங்க வந்தாள். காலிச் சட்டியைத் திறந்து பார்த்தாள். நடந்ததைச் சொன்னேன். "ஒரு வாயாவது முழுங்குச்சா?" என்று மட்டும் கேட்டாள். இல்லை என்று தலையாட்டினேன். சட்டியைக் கழுவினாள். வெகுநேரம் கழுவினாள்.

அத்தை மறுபடி எங்கள் படி ஏறியது எங்கள் மகள் பிறந்த பிறகு. உள்ளே வந்ததும் கேட்ட முதல் கேள்வி: "அவன் எதயும் கிளறலியே?"

இன்றைக்கும் எங்கள் வீட்டு விசேஷங்களில் நான் பாயச வாளியைத் தூக்கினால்கூடப் பந்தியிலிருந்து யாராவது கத்துவார்கள்: "மாப்ள வர்றாரு, முள்ளு பாத்து!" எல்லோரையும்விட உரக்கச் சிரிப்பது அத்தைதான். செல்வியும் சிரிப்பாள். சிரித்துக்கொண்டே தண்ணீர் எடுக்கப் போய்விடுவாள், இலைக்கு இலை டம்ளரில் தண்ணீர் நிறைந்திருக்கும்போதே.