டாக்டர் ஏறிய எட்டு மாடி

"புதிய ஆட்டம் தொடங்கலாமா?" என்று கேட்டது திரை.

புதிய ஆட்டம் யாருக்கு வேண்டும்? பழைய ஆட்டம் எங்கே? பல் டாக்டர் கையடக்க வீடியோ கேமை அணைத்தார். கேமின் முதுகிலிருந்த கேசட்டைக் கழற்றினார், அதன் வாயில் ஊதினார், மறுபடி செருகினார், தெரிந்த தெய்வங்களையெல்லாம் கூப்பிட்டுக்கொண்டே பொத்தானை அழுத்தினார். இந்தத் தடவை வந்துவிட்டது. எட்டாவது மாடி. ஆடிய நேரம் இருநூற்றுப் பதினான்கு மணி.

போன உயிர் திரும்பி வந்தது.

ஆட்டம் என்னவோ சாதாரணமானதுதான். சுண்டுவிரல் அளவு வீரன் ஒருவன் சாவி தேடித் தேடி ஒன்பது மாடிக் கோட்டையில் ஏற வேண்டும். ஆனால் அந்தக் காலத்தில் நாலாவது மாடியைத் தாண்டியவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். டாக்டர் எட்டாவதில் நின்றார். நாற்பத்தைந்து வயது வாழ்க்கையில் அவர் எட்டிய உயரம் அது ஒன்றுதான். வீடு தரைத்தளம், கிளினிக் அந்த வீட்டின் முன்னறை.

"எனக்கு கார் ஓட்ட வராது, பாட வராது, பேரம் பேச வராது. பல்லு கூட சுமாராத்தான் புடுங்குவேன்" என்று அவரே யாரிடமும் சொல்வார். "ஆனா எட்டாவது மாடி! அது விளையாட்டு இல்லைங்க."

விளையாட்டுதான். இருந்தாலும் யாரும் திருத்தியதில்லை, வாய்க்குள் ஊசியோடு உட்கார்ந்திருப்பவர்கள் எப்படித் திருத்துவார்கள்?

உடனே மச்சினனுக்குப் போன் போட்டார். மனைவியின் தம்பி, கம்ப்யூட்டர் பழுது பார்ப்பவன்.

"கேசட்டுக்குள்ள ஒரு குட்டி பேட்டரி இருக்கு அத்தான். அது தயவுலதான் நீங்க விட்ட இடம் ஞாபகம் இருக்கு. அது செத்தா உங்க எட்டு மாடியும் இடிஞ்சுடும். நாலு மாசத்துக்கு முன்னாடி ஒரு கருவி வாங்கிக் குடுத்தேனே, அதுல கேசட்டைச் செருகி கம்ப்யூட்டருக்கு நகல் எடுத்துடுங்க. அப்புறம் கம்ப்யூட்டரையே அந்தப் பழைய மெஷின் மாதிரி நடிக்கவைக்க ஒரு புரோகிராம் இருக்கு. ஆயுசுக்கும் ஆடலாம்."

"பேட்டரி எத்தனை நாள் தாங்கும்?"

"இருபத்தெட்டு வருஷ பேட்டரி. இன்னிக்கு சாயங்காலம் வரைக்கும் தாங்கினா பெரிசு."

"ஐயோ!"

"சாயங்காலம் நானும் வரேன். கண்ணால பார்த்தா நம்பறேன். நானே நாலாவது மாடியில மூக்கு உடைஞ்சவன். நீங்க எட்டுன்னா... சரி விடுங்க, பெரியவங்க."

அந்தப் 'பெரியவங்க' டாக்டரைச் சுட்டது. கல்யாணமான நாளிலிருந்து இந்தப் பயல் நம்பவில்லை. இன்று நம்பவைக்காவிட்டால் இனி எப்போதுமே முடியாது.

நாலு மாதமாகப் பிரிக்காத பெட்டியைப் பிரித்தார். சோப்பு டப்பா மாதிரி ஒரு கருவி, ஒரு வயர். கூடத்து மேசையில் அவர் கடை விரிப்பதைப் பார்த்தபடி மனைவி வந்தாள். அவள் வக்கீல்.

"ஏங்க, நகல் எடுக்கறதெல்லாம் சரி. பொருள் உங்களோடதுதானே?"

டாக்டருக்கு ரோஷம் வந்தது. "நெட்ல தேடினா இந்த ஆட்டம் ரெண்டு நிமிஷத்துல கிடைக்கும். நான் தொட்டேனா? என் பொறந்தநாளுக்கு எனக்குன்னு வாங்கின கேசட் இது. இதுல ஒவ்வொரு மாடியும் என் கட்டைவிரல் தேய்ஞ்சு ஏறினது. அடுத்தவன் உழைப்பு ஒரு துளி கிடையாது. வேணும்னா அப்பாவையே கேளு."

ஜன்னலோரம் பேப்பருக்குப் பின்னால் இருந்த அப்பா ஒரு பக்கத்தைத் திருப்பினார். கல்லூரியில் முப்பது வருடம் நூலகராக இருந்தவர். அங்கே பழகிய அமைதியை வீட்டிலும் விடவில்லை. பிள்ளை பள்ளியில் கடைசி வருடம் படிக்கும்போது இதே வீடியோ கேமைப் பிடுங்கி அலமாரியில் வைத்துப் பூட்டியவர் அவர்தான். அந்தக் கண்டிப்பால்தான் பையன் டாக்டரானான் என்று சொந்தபந்தம் முழுக்கச் சொல்லும். அப்பா மறுத்ததில்லை.

டாக்டர் கேசட்டைக் கருவியில் செருகினார். 'கேசட் எதுவும் இல்லை' என்றது கம்ப்யூட்டர்.

"கண்ணு தெரியலையா உனக்கு?" என்றார் டாக்டர் கம்ப்யூட்டரிடம்.

மறுபடி போன்.

"கேசட் வாயில தங்கக் கலர்ல பல்லு பல்லா இருக்கும் அத்தான். அதுல அழுக்கு. லேசாத் துடைங்க."

பல்லு பல்லா என்று சொன்னதுதான் தாமதம், டாக்டருக்குத் தெம்பு பிறந்துவிட்டது. இந்த உலகத்தில் அவருக்குத் தெரிந்த ஒரே வேலையை அல்லவா கேட்கிறான்! கேசட்டை எடுத்துக்கொண்டு கிளினிக்குக்குள் போனார்.

லேசாகத் துடைத்திருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். டாக்டர் விளக்கைச் சாய்த்தார், கண்ணாடி போட்டார், கொக்கி ஊசியால் ஒவ்வொரு பல்லாகச் சுரண்டினார். பிறகு பல்லுக்குப் பளபளப்பு ஏற்றும் பசையைத் தடவி, சுழலும் பிரஷ்ஷை வைத்து ஒரு ஓட்டு ஓட்டினார். பல் பளபளத்தது. பசை அவ்வளவும் இடுக்குக்குள் போய் அப்பிக்கொண்டது.

அதை எடுக்கத் தண்ணீர் பீய்ச்சினார். இதுவும் பழக்க தோஷம்தான். கேசட் கொப்பளித்துத் துப்பாது என்பது பீய்ச்சிய பிறகுதான் ஞாபகம் வந்தது.

எச்சில் உறிஞ்சும் குழாயை வைத்துத் தண்ணீரை உறிஞ்சிக்கொண்டிருந்தபோது, ஞாயிற்றுக்கிழமையும் விடாத பல்வலியோடு ஒருவர் கதவைத் திறந்தார். நாற்காலியில் கேசட்டும் அதன் மேல் குனிந்த டாக்டரும். வந்தவர் கொஞ்ச நேரம் நின்று பார்த்தார்.

"எனக்கு முன்னாடி இவங்களா டாக்டர்?"

"முடிஞ்சுது, உட்காருங்க" என்று டாக்டர் கேசட்டைத் துடைத்து, பக்கத்துத் தட்டில் காயவைத்தார். பல்வலிக்காரருக்குப் பார்க்க வேண்டியதைப் பார்த்து, எழுத வேண்டியதை எழுதி, அனுப்பிவிட்டுத் திரும்பினார். தட்டு காலி.

"சிஸ்டர்! தட்டுல இருந்தது எங்கே?"

கிளினிக்கில் உதவிக்கு இருக்கும் சிஸ்டர் பதினெட்டு வருட அனுபவசாலி. யூஸ் பண்ணின தட்டில் எது கிடந்தாலும் அது எங்கே போக வேண்டும் என்று அவருக்குத் தெரியும்.

"உறையில போட்டு ஒட்டி, நீராவி மெஷின்ல வெச்சுட்டேன் டாக்டர். இப்பத்தான் ஆன் பண்ணினேன்."

நூற்றிருபது டிகிரி நீராவியில் கருவிகளை வேகவைக்கும் மெஷின் அது. ஓட ஆரம்பித்தால் கதவு பூட்டிக்கொள்ளும். டாக்டர் கைப்பிடியைப் பிடித்து இழுத்தார். மெஷின்தான் ஒரு அடி நகர்ந்தது. சிவப்புப் பொத்தானை அழுத்தினார். 'தயவுசெய்து காத்திருக்கவும்' என்றது. அவரா காத்திருப்பார்! வாசலுக்கு ஓடி மெயின் சுவிட்சையே இறக்கிவிட்டார்.

வீடு முழுக்கக் கரண்ட் போனது. மெஷின் வாய் திறந்தது. உறைக்குள் கேசட் வெதுவெதுப்பாக, ஆனால் நல்லபடியாகக் கிடந்தது. ஈரம்கூடக் காய்ந்திருந்தது. டாக்டர் அதை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

கூடத்திலிருந்து மனைவியின் குரல் வந்தது. "ஏங்க, உங்க கம்ப்யூட்டர் ஏதோ 'புதுப்பிக்கிறேன், அணைக்காதே'ன்னு கெஞ்சிக்கிட்டு இருந்துச்சே. நீங்களா அணைச்சீங்க?"

சுவிட்சை ஏற்றிய பிறகு கம்ப்யூட்டர் நீலத்திரையைக் காட்டி அழுதது. அப்புறம் அதுவும் இல்லை.

"இதுக்குத்தான் அந்த ஆளு நாலாவது மாடியிலேயே நின்னுருக்கணும்கிறது" என்று டாக்டர் தன்னைத்தானே படர்க்கையில் திட்டிக்கொண்டார். "தகுதிக்கு மீறி ஏறினா இப்படித்தான்."

பாவமாக இருந்ததோ என்னவோ, மனைவி தன் லேப்டாப்பைக் கொண்டுவந்தாள். "என் கேஸ் கட்டு மொத்தமும் இதுல இருக்கு. நான் பக்கத்துல நிப்பேன். நீங்க நகலை மட்டும் எடுங்க."

அப்பாவும் எழுந்து வந்து நாற்காலிக்குப் பின்னால் நின்றார். இது அதிசயம். நூலகத்தில் யாராவது சத்தம் போட்டால் ஒழிய அவர் எழுந்ததில்லை.

"நகல் வந்துடுச்சா?" என்றார்.

"இன்னும் இல்லைப்பா." கிண்டல் பண்ணுகிறார் என்று டாக்டர் நினைத்தார்.

கேசட்டைச் செருகினார். இந்தத் தடவை லேப்டாப் அடையாளம் கண்டுகொண்டது. போனில் மச்சினன் வழி சொன்னான்.

"ரெண்டு பட்டன் தெரியுதா? ஒண்ணு கேசட்ல இருந்து கம்ப்யூட்டருக்கு எடுக்கறது. இன்னொண்ணு கம்ப்யூட்டர்ல இருந்து கேசட்டுக்கு எழுதறது. ரெண்டாவதைத் தொட்டீங்க, இருக்கறதும் அழிஞ்சுடும். வலது பக்கம் இருக்கறதை மட்டும் அழுத்துங்க."

இங்கேதான் இருபது வருட அனுபவம் காலை வாரியது. பல் டாக்டருக்கு வலது என்றால் எதிரே உட்கார்ந்திருப்பவரின் வலது. டாக்டருக்கு அது இடது. இருபது வருடமாக எதிரில் இருப்பவரின் பக்கமே பார்த்துப் பழகிய கை, திரையையும் ஒரு முகமாக எடுத்துக்கொண்டு, தைரியமாக இடப்பக்கம் போய் அழுத்தியது.

ஒரு பெட்டி திறந்தது. நாலு வரி எழுத்து, கீழே 'ஆம்', 'இல்லை'. ஆபரேஷனுக்கு முன்னால் நீட்டுகிற காகிதத்தை யார் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுகிறார்கள்? டாக்டரின் விரல் 'ஆம்' பக்கம் போனது.

பெட்டி சட்டென்று மறைந்தது. கருவியின் வயர் லேப்டாப்பிலிருந்து பிடுங்கிக்கொண்டு தரையில் கிடந்தது. அதற்குப் பக்கத்தில் அப்பா மேசையைப் பிடித்தபடி நின்றார்.

"அப்பா!" என்று கத்தினார் டாக்டர். "பார்த்து வரக்கூடாதா? உயிரே போயிருக்குமே!"

"கால் தடுக்கிடுச்சு" என்றார் அப்பா.

"மாமா, உங்களுக்கு அடி ஒண்ணும் படலையே?" என்று பதறிய மனைவி, வயரைச் செருகி, பெட்டி மறுபடி வந்ததும் நிதானமாகப் படித்தாள். காகிதத்தைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடும் ஒரே ஜாதி வக்கீல்தான். "ஏங்க, 'கேசட்டில் உள்ள அனைத்தையும் அழித்து எழுதட்டுமா'ன்னு கேக்குதுங்க."

டாக்டர் நாற்காலியில் அப்படியே சாய்ந்துவிட்டார். மனைவி 'இல்லை'யை அழுத்தினாள். பிறகு உண்மையான வலப்பக்கத்தை அழுத்தினாள். பச்சைக் கோடு ஒன்று மெதுவாக வளர்ந்து நிறைந்தது. எடுத்தாயிற்று.

"வந்துடுச்சா?" என்றார் அப்பா மறுபடி.

"வந்துடுச்சுப்பா! இனி பேட்டரி செத்தாலும் கவலை இல்லை!" டாக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நாற்பத்தைந்து வயதில் ஒரு கேசட்டுக்காக அழுவது அசிங்கம்தான், ஆனால் சந்தோஷமாக இருந்ததே, என்ன செய்வது?

சாயங்காலம் மச்சினன் வந்தான். நடிக்கவைக்கும் அந்தப் புரோகிராமை லேப்டாப்பில் ஏற்றினான், நகலைத் திறந்தான். கைப்பிடி அளவு திரையில் மங்கிக் கிடந்த கோட்டை, லேப்டாப் முழுக்க அகன்று நின்றது. எட்டாவது மாடி. இருநூற்றுப் பதினான்கு மணி. பையில் பதினேழு சாவி. ஒன்பதாவது மாடிக்குப் போகும் படிக்கட்டுக்கு நாலே அடி தூரத்தில் வீரன்.

மச்சினன் குனிந்து சாவிகளை ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்தான். பிறகு எழுந்து கைகூப்பினான்.

"அத்தான், இத்தனை வருஷமா உங்களைச் சந்தேகப்பட்டதுக்கு மன்னிச்சுடுங்க. நீங்க ஆள் பெரிய ஆளுதான்."

"சேச்சே, என்ன மாப்ள இது" என்று டாக்டர் சொன்னார். சொல்லும்போதே மார்பு இரண்டு அங்குலம் விரிந்தது. மனைவி பக்கம் திரும்பி, பார்த்தாயா என்று புருவத்தைத் தூக்கினார். அவளும் சிரித்தாள்.

"சரி, அந்த அஞ்சாவது மாடியில தண்ணிக்குள்ள ஒரு கதவு வருமாமே, அதை எப்படித் தாண்டினீங்க?"

"அது..." என்றார் டாக்டர். தண்ணீர்க் கதவு என்று ஒன்று இருந்ததே ஞாபகமில்லை. "கொஞ்சம் பொறுமை வேணும் மாப்ள. வேறென்ன."

"ஆறாவது மாடியில விளக்கே கிடையாதாமே?"

"இருபத்தெட்டு வருஷம் ஆச்சுப்பா. ஞாபகமா இருக்கும்? பரீட்சை முடிஞ்ச மறுநாள் அப்பாகிட்ட இருந்து வாங்கிப் பெட்டியில போட்டு ஹாஸ்டலுக்குக் கொண்டுபோனேன். படிப்பு பளு, தொடவே இல்லை. வருஷக்கணக்குல கழிச்சுத் திறந்து பார்த்தா எட்டு! எனக்கே ஆச்சரியம். நாலோட நின்னுட்டோம்னுல்ல நினைச்சுட்டு இருந்தேன். பெரிய திறமைசாலிக்குத் தன் திறமை தெரியாதும்பாங்க, அது சரியாத்தான் இருக்கு."

"அப்ப அந்த ஒன்பதாவது மாடியை இப்பவே முடிச்சுக் காட்டுங்களேன்" என்றாள் மனைவி.

டாக்டர் கைவிரல்களை நெட்டி முறித்தார். வீரனை ஒரு அடி நகர்த்தினார். அவன் நேரே போய்ச் சுவரில் முட்டிக்கொண்டான். இன்னொரு அடி. மறுபடியும் சுவர்.

பின்னாலிருந்து ஒரு நாற்காலி தரையில் இழுபடும் சத்தம் கேட்டது. அப்பா மூக்குக்கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, லேப்டாப்புக்கு நேரே வந்து உட்கார்ந்தார்.

"தள்ளுடா. பரீட்சை முடிஞ்ச மறுநாளே பிடுங்கிட்டுப் போயிட்ட, இன்னும் ஒரே ஒரு வாரம் விட்டிருந்தா அன்னிக்கே நான் இதை முடிச்சிருப்பேன்."