நாற்பது ரப்பர் விரிப்புகள்

யுத்தம் வந்தால் முதலில் ஒரு குழு அமைக்க வேண்டும். நெதர்பீச் கிராமமும் அமைத்தது. அந்தக் குழுவின் தலைவர், செயலாளர், தங்கவைப்பு அதிகாரி எல்லாமே ஹொரேஸ் விட்டில் ஒருவர்தான். ரயில் நிலையத்தில் டிக்கெட் கிழித்து ஓய்வு பெற்ற மனிதர். லண்டனில் குண்டு விழுகிறது. அங்கிருந்து வரும் பிள்ளைகளை ஊரில் வீடு வீடாகத் தங்கவைப்பது அவர் பொறுப்பு. அதற்காகக் கையில் கட்டிக்கொள்ள ஒரு பட்டை கொடுத்திருந்தார்கள். பட்டை ஏறிய நாளிலிருந்து மனிதர் சாதாரணமாகத் தும்முவதைக்கூட விட்டுவிட்டார்.

பிள்ளைகள் வருமுன்பே ஊர் மண்டபத்தில் ஒரு உரை நிகழ்த்தினார்.

"பட்டணத்துப் பிள்ளைகளுக்கு இரவுக்கால ஈரப்படுத்தும் வழக்கம் உண்டு என்பது சகலரும் அறிந்த உண்மை. நம் மெத்தைகளைப் பாதுகாப்பது நம் தேசியக் கடமை."

"இது உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டாள் மனைவி எட்னா, முதல் வரிசையிலிருந்து.

"நான் லண்டனுக்குப் போயிருக்கேன்."

"ரயில் மாறத்தானே போனீங்க?"

ஹொரேஸ் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மெத்தைமேல் போட ரப்பர் விரிப்பு கேட்டு மாவட்ட அலுவலகத்துக்கு எழுதினார். பிள்ளைகள் நாற்பது பேர் வந்து சேர்ந்தார்கள். அவர்கள் பின்னாலேயே நாற்பது ரப்பர் விரிப்புகளும் வந்து சேர்ந்தன. அரசாங்கம் கேட்டதைக் கேட்டபடி கொடுத்துவிட்டால் அதற்குப் பிறகு நிம்மதி ஏது?

ஏனென்றால், ஒரு பிள்ளைகூட நனைக்கவில்லை.

ஊர்ப் பெண்களுக்கு முதலில் இது பெருமையாக இருந்தது. பெரிய பங்களாவில் இருக்கும் மிஸஸ் ஃபோர்டைஸ், "எங்க வீட்டுப் பையன் படுக்கை பிஸ்கட் மாதிரி மொறுமொறுன்னு இருக்கு" என்று கடையில் நின்று சொன்னாள். பாதிரியார் மனைவி, "எங்க பையன் ராத்திரி தண்ணியே குடிக்கிறதில்லை" என்றாள். விரிப்புகள் ஹொரேஸ் வீட்டுக் கொட்டகையில் கட்டுப் பிரிக்காமல் கிடந்தன.

அப்புறம் வந்தது மாவட்ட அலுவலகத்து ஓலை. விரிப்புகள் உபயோகத்தில் இல்லாத கிராமத்தில், விரிப்புக்கு உரிய பிள்ளைகளும் இல்லை என்றே கொள்ளப்படும். அத்தகைய உபரிப் பிள்ளைகள் வேறு மாவட்டங்களுக்கு, இடம் உள்ளபடி, தனித்தனியாக அனுப்பப்படுவார்கள். சரிபார்க்க ஆய்வாளர் மிஸ்டர் கார்பெட் வருகிறார்.

ஹொரேஸ் ஓலையை மறுபடியும் வாசித்தார். அவர் வீட்டில் இருந்தவர்கள் குவீனி, மேஸி என்று இரண்டு சகோதரிகள். குவீனிக்குப் பத்து வயது, வாய் நீளம். மேஸிக்கு நாலு வயது. தினமும் காலையில் வந்து மாமாவின் கைப்பட்டையைத் தன் தலையில் கட்டிக்கொண்டு வீடு முழுக்கச் சுற்றி உத்தரவு போடுவாள். பிள்ளையில்லாத வீடு அது. இப்போது அந்த வீட்டில் காலை என்று ஒன்று விடிந்தால் அது மேஸியால்தான். அவளை ஒரு ஊருக்கும் அக்காளை ஒரு ஊருக்கும் அனுப்புவதாவது! ஹொரேஸால் நினைக்கவே முடியவில்லை. ஆனால் அந்த விரிப்பைக் கேட்டு எழுதிய புண்ணியவான் யார்? அதையும் நினைக்காமல் இருக்க முடியவில்லை.

ஊரைக் கூட்டி விஷயத்தைச் சொன்னார். அன்று சாயங்காலமே விரிப்புகள் வீடு வீடாகப் போயின; நெதர்பீச்சில் பெருமை தலைகீழாகிவிட்டது.

"எங்க பையன் நேத்து ராத்திரி ரெண்டு தடவை" என்றாள் பாதிரியார் மனைவி.

"ரெண்டுதானா? எங்க பாட்டன் காலத்து மெத்தை, இனிமே ஆகாது" என்றாள் மிஸஸ் ஃபோர்டைஸ்.

ஆய்வாளர் சாயங்கால ரயிலில் வந்து இறங்கினார். ஈரம் காய்ந்த பிறகு வந்து பார்த்து என்ன பிரயோஜனம் என்பது அவர் கட்சி. ஆகவே ஹொரேஸ் வீட்டு மாடியில் தங்கி, விடிந்ததும் சோதனை. ஒல்லியான மனிதர். சிரிப்பதற்கு மேலிடத்து அனுமதி வந்து சேராதவர்போல இருந்தார்.

ஊரில் எல்லா வீட்டிலும் அன்று வெந்நீர்க் கெட்டில் தயாராக இருந்தது. ஹொரேஸும் ஒரு குவளை வெந்நீரை எடுத்துக்கொண்டு பிள்ளைகள் அறைக்குப் போனார்.

"மாமா, அது எதுக்கு?" என்றாள் குவீனி.

ஹொரேஸ் சுற்றி வளைத்துச் சொன்னார். குவீனி முழுவதையும் கேட்டாள்.

"முடியாது. நான் பத்து வயசுக்காரி."

"கண்ணு, உங்களைப் பிரிச்சு அனுப்பிடுவாங்கடி."

"எங்கம்மா ரெண்டு வயசுலயே எங்களைப் பழக்கிட்டா. பகலெல்லாம் பாக்டரியில நின்னுட்டு, ராத்திரி முழிச்சிருந்து பழக்கினா. அவ பேரை நான் கெடுக்க மாட்டேன் மாமா. நீங்க தண்ணி ஊத்தினா நானே அந்த சார்கிட்ட சொல்லிடுவேன்."

ஹொரேஸ் குவளையோடு திரும்பி வந்தார். மண்டபத்தில் நிகழ்த்திய உரை அவருக்கு இப்போது ஒவ்வொரு வார்த்தையாக ஞாபகம் வந்தது.

அந்த ராத்திரிதான் நெதர்பீச்சில் முதன்முதலாக அபாயச் சங்கு ஊதியது. நிலா வெளிச்சத்தில் பறந்த வாத்துக் கூட்டத்தை ஊர்க்காவலர் எதிரியின் பாரசூட் என்று எண்ணிவிட்டார். லண்டனில் வாரக்கணக்கில் சங்கு கேட்டுப் பழகிய குவீனி தங்கையைத் தூக்கிக்கொண்டு படிக்கட்டுக்கு அடியில் போய் உட்கார்ந்தாள். பெரியவர்களும் எப்படியோ வந்து சேர்ந்தார்கள். ஆய்வாளர் ஓவர்கோட்டைக் கழுத்து முதல் கால்வரை பொத்தான் போட்டுக்கொண்டு வந்தார்; பெரியவர்கள் விடியும்வரை அங்கிருந்து நகரவில்லை.

காலையில் சோதனை தொடங்கியது. நல்ல வெயில். ஆனாலும் ஆய்வாளர் ஓவர்கோட்டைக் கழற்றவில்லை. அவர் பின்னால் ஹொரேஸ், ஹொரேஸ் பின்னால் ஊர்.

பங்களாவில் விரிப்பின்மேல் தேயிலைத் தூள் ஒட்டிக்கொண்டிருந்தது. "திருப்தி" என்றார் ஆய்வாளர்.

பாதிரியார் வீட்டில் தலையணையும் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது.

"தலையணை எப்படி?"

"பையன் கொஞ்சம் உயரம் சார்" என்றாள் பாதிரியார் மனைவி.

"மிகவும் திருப்தி."

கடைசியாக ஹொரேஸ் வீடு. சகோதரிகள் கட்டில் உலர்ந்திருந்தது. விரிப்பையே காணோம்.

"இரண்டு விரிப்புகள் உபயோகத்தில் இல்லை. ஆகவே இரண்டு பிள்ளைகள் உபரி. மத்தியான ரயிலுக்குத் தயார் செய்யுங்கள்."

மேஸி தலையில் பட்டையோடு நின்றுகொண்டிருந்தாள். ஹொரேஸ் அவளைப் பார்த்தார். வாசலை அடைத்து நின்ற ஊரைப் பார்த்தார். அறுபத்து மூன்று வயதில் ஒரு மனிதனுக்கு மிச்சமிருக்கும் மானம் என்ன, ஒரு கைப்பட்டை அளவுதானே?

"இந்த வீட்டுல ஈரம் இருக்கு சார்" என்றார். "சங்கு ஊதினப்போ. என் படுக்கையில."

வாசலில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். எட்னா திரும்பி ஒரு பார்வை பார்த்தாள்; சிரிப்பு நின்றது.

"விதிப்படி பதினாலு வயதுக்கு உட்பட்ட ஈரம்தான் செல்லும்" என்றார் ஆய்வாளர்.

"விதியில விரிப்பு உபயோகத்துல இருக்கணும்னுதானே சார் இருக்கு?" என்றாள் குவீனி. "எங்களது ரெண்டும் உபயோகத்துலதான் இருக்கு. ராத்திரி போர்வை எடுக்க மாடிக்குப் போனேன். அப்போ பாத்துட்டு நான்தான் துடைச்சு விரிச்சேன். ஒண்ணு மாமா கட்டில்ல."

"இன்னொன்று?" என்று கேட்டுவிட்டார் ஆய்வாளர். கேட்ட கணமே கேட்டிருக்கக் கூடாது என்பது அவர் முகத்தில் தெரிந்தது.

குவீனி அவருடைய ஓவர்கோட்டை மட்டும் மேலிருந்து கீழ்வரை ஒருதரம் பார்த்தாள்.

"முழுத் திருப்தி" என்றார் மிஸ்டர் கார்பெட். "நாற்பதும் உபயோகத்தில். பிள்ளைகள் இங்கேயே இருக்கட்டும்." மத்தியான ரயிலுக்கு அவர் மட்டும், நின்றுகொண்டே பயணம் செய்யப் போனார்.

அடுத்த மாதம் அலுவலகத்திலிருந்து ஒரு மூட்டையும் ஓலையும் வந்தன. நெதர்பீச் ஆய்வின் மூலம் பட்டணத்துப் பிள்ளைகளின் பழக்கம் ஐயத்துக்கு இடமின்றி நிரூபணமாகிவிட்டதால், மேலும் நாற்பது விரிப்புகள். ஊர் மண்டபத்தில் அதை வாசிக்க வேண்டிய கடமை ஹொரேஸுக்கு. வாசித்தார். பாதியில் நிமிர்ந்து பார்த்தார். முன்வரிசையில் பிள்ளைகள் நாற்பது பேரும் கைகட்டி உட்கார்ந்து, தங்கள் பழக்கத்தைப் பற்றிக் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

"இது பொய்" என்றார் ஹொரேஸ், ஓலையை மடித்துக்கொண்டு. "முதல்ல சொன்னவன் நான்தான். அதனால எனக்குத் தெரியும்."

குவீனி கை தூக்கினாள். "மாமா, அதுல பெரியவங்க அளவு இருக்கா?"

யாரும் சிரிக்கவில்லை. வாத்துகள் திரும்பி வரும் பருவம் அது; சங்கு இனியும் ஊதும். கூட்டம் கலைந்தபோது மூட்டை காலியாக இருந்தது. பிள்ளைகள் யாரும் அதன் பக்கமே போகவில்லை.