துப்பாக்கி கேட்ட விசில் மாமா

விசில் மாமா உட்கார்ந்து பார்த்தவர் யாங்கோன் மாநகரத்தில் ஒருவர்கூடக் கிடையாது. இன்சீனிலிருந்து வட்ட ரயிலில் வேலைக்கு வருவார். பெட்டி முழுக்கக் காலியாக இருந்தாலும் இந்தக் கதவுக்கும் அந்தக் கதவுக்கும் நடந்துகொண்டே இருப்பார். ஆகவே இன்சீனிலிருந்து பாதித் தூரத்தை அவர் நடந்தேதான் கடக்கிறார் என்று எங்கள் தெருவில் ஒரு கட்சி உண்டு. காலை உணவான மொஹிங்கா மீன் சூப்பை நின்றபடியே குடிப்பார். தன் கல்யாணத்தில் மணவறையிலேயே உட்கார மறுத்தார் என்றும் சொல்கிறார்கள். நான் அப்போது பிறந்திருக்கவில்லை, அதனால் சத்தியம் செய்ய மாட்டேன்.

எங்கள் தெருவிலிருந்த ஒரு நகைக்கடைக்கு அவர் காவல். கடைக்காரர் போட்டுக் கொடுத்த நாற்காலியில் தன் தண்ணீர் பாட்டிலை உட்காரவைத்துவிட்டு இவர் நடப்பார். அடையாள அட்டையில் அவருக்கு ஒரு பர்மியப் பெயர், கோயில் அர்ச்சனையில் ஒரு தமிழ்ப் பெயர். இரண்டையும் யாரும் கூப்பிட்டதில்லை. தமிழர்களுக்கு விசில் மாமா, பர்மியர்களுக்கு விசில் ஊலே. ஊலே என்றாலும் மாமாதான்.

எதிர்வரிசையில் என் கடை. மின்சாரம் இருக்கும் நேரத்தில் நகல் எடுப்பேன், லேமினேட் போடுவேன். இல்லாத நேரத்தில் ஊராருக்கு மனு எழுதுவேன். மின்சாரத்தின் புண்ணியத்தில் மனு எழுதுவதே முழுநேர வேலையாகிவிட்டது.

மாமாவின் ஒரே ஆயுதம் கழுத்தில் தொங்கிய விசில். கடைக்குக் காவல் என்று பெயரே தவிர, தெரு முழுவதையும் அவர் அந்த விசிலால்தான் ஆண்டார். குடையை விரித்தபடி நடைபாதையில் வந்தால் ஒரு விசில். புறா பெயர்ப்பலகையில் உட்கார்ந்தால் இரண்டு. நான் தேநீர் குடிக்கச் சாலையைக் கடந்தால் நீளமாக ஒன்று ஊதி, இரண்டு பக்கமும் கார்களை நிறுத்திவிடுவார். ஒரு மந்திரியைப் போல நான் நடுச்சாலையில் நடக்க வேண்டியிருக்கும். வேண்டாம் என்று எத்தனையோ முறை சண்டை போட்டேன். ஒருமுறை ஒரு பெண்ணின் கைப்பையைப் பறித்துக்கொண்டு ஓடிய திருடன், இவர் ஊதிய ஊதலில் பள்ளிக்கூட ஞாபகம் வந்து அப்படியே விறைத்து நின்றுவிட்டான். மாமா அவனைத் திட்டக்கூட இல்லை. பையை வாங்கிக்கொண்டு, ஓடும்போது இடது பக்கமாக ஓட வேண்டாமா என்று கேட்டாராம்.

இப்படிப்பட்ட மனிதருக்குத்தான் துப்பாக்கி லைசென்ஸ் வேண்டும் என்றார்கள்.

அப்போது ஊரே நிலைகொள்ளாமல் இருந்தது. வெயில் தாழும் முன்பே ஷட்டர்களை இழுத்தார்கள். யாராவது மோட்டார் சைக்கிளை நிறுத்தினால் தெருவே திரும்பிப் பார்க்கும். இரண்டு தெரு தள்ளி ஒரு நகைக்கடையில் கொள்ளை போனது. சாதாரண மக்களும் கைத்துப்பாக்கி வைத்துக்கொள்ள அரசிடம் மனுப் போடலாம் என்ற செய்தி வேறு வந்திருந்தது. நகைக்கடை முதலாளிக்குத் தூக்கம் போயிற்று. தடிஞ்சுட் விளக்குத் திருநாளுக்குள் மாமா லைசென்ஸ் வாங்கியாக வேண்டும், இல்லாவிட்டால் துப்பாக்கியோடு வரும் காவலாளை ஒரு கம்பெனியிலிருந்து வைத்துக்கொள்வேன் என்று சொல்லிவிட்டார்.

இருபத்திரண்டு வருஷ வேலை. வீட்டில் மனைவி, படிப்பை முடிக்காத மகள். நிற்கத் தெரிந்த அளவுக்கு வேறு தொழில் தெரியாது. மாமா என் கடைக்கு வந்து முன்னும் பின்னும் நடந்துகொண்டே, "பாப்பா, எனக்கு ஒரு துப்பாக்கி எழுதிக் குடு" என்றார், தேநீர் சொல்வதைப் போல.

மனுவுக்கு ஐந்து புகைப்படம் கேட்டார்கள். ஸ்டூடியோக்காரர் எடுத்த முதல் மூன்றில் மாமாவின் தோள் மட்டும் விழுந்திருந்தது. நான்காவதில் அவர் இல்லவே இல்லை. கடைசியில் நான் அவர் தோளை அழுத்திப் பிடித்துக்கொள்ள, ஒரு படம் தேறியது. அதன் ஓரத்தில் என் நான்கு விரல்களும் விழுந்திருக்கின்றன. உடல்தகுதிச் சான்றுக்குப் போன இடத்தில் நாடி பிடித்த டாக்டரும் அவரோடு சேர்ந்து வராந்தாவில் மூன்று சுற்று நடந்தாராம். இதயம் நன்றாக இருக்கிறது, எனக்குத்தான் மூச்சு வாங்குகிறது என்று எழுதிக் கொடுத்தார் என்பது தெருவில் உலாவும் கதை.

துப்பாக்கியை மாமா வாழ்நாளில் தொட்டதில்லை. இடுப்புக்குப் பழக்கம் வரட்டும் என்று திஞ்சான் தண்ணீர்த் திருவிழாவில் மிச்சமான பச்சை நிற பிளாஸ்டிக் துப்பாக்கி ஒன்றைச் செருகிக்கொண்டு அலைந்தார். ஒருநாள் பெயர்ப்பலகைப் புறாவின்மேல் அதைப் பிரயோகித்துப் பார்த்தார். புறா நனைந்து நடுங்கியதைக் கண்டதும் மனிதருக்கு மனசு கேட்கவில்லை. ஒரு வாரம் அதற்கு நொய் வாங்கிப் போட்டார். அதன்பிறகு புறா தன் குடும்பத்தையும் அழைத்து வந்துவிட்டது.

மனுவில் பெரிய முட்டுக்கட்டை ஒன்பதாவது கட்டம். யாரால் உங்கள் உயிருக்கு ஆபத்து, பெயரும் முகவரியும் தருக. மாமா என் கடை வாசலை நாற்பது தடவை அளந்தார். ஒரு பெயரும் தேறவில்லை.

"யாருமே இல்லையா மாமா? யோசிச்சுப் பாருங்க."

"நம்ம வீட்டு அம்மாதான் அப்பப்ப கரண்டியத் தூக்கும். அதை எழுதலாமா?"

எழுதக் கூடாது என்றேன். மறுநாளிலிருந்து தெருவில் எதிரி தேட ஆரம்பித்தார். பூக்காரியிடம் கேட்டார். அவள் பதறிப்போய், நான் என்ன தப்பு செய்தேன் என்று அழுதுவிட்டாள். கடைசியில் எதிர்க்கடைக் காவல்காரர் கோ தூன் பெரிய மனது பண்ணி முன்வந்தார். இருவரும் பத்து வருஷமாக ஒரே கோப்பைத் தேநீரைப் பங்கு போட்டுக் குடிப்பவர்கள். எதிரியான பிறகும் தேநீர் உண்டு என்ற உறுதிமொழியின்பேரில் கோ தூன் தன் முகவரியைக் கொடுத்தார்.

அடுத்தது தெருவாரின் நற்சான்றுக் கடிதம். எங்கள் தெருவில் அதற்கு ஒரே ஒரு மாதிரிதான். பெண் கேட்கப் போனாலும், வாடகை வீடு பிடித்தாலும், பிள்ளையை விடுதியில் சேர்த்தாலும் அதையே எழுதுவேன். இவர் பிறருக்குத் தீங்கு நினையாதவர் என்று ஆரம்பிக்கும். கையெழுத்துப் போடுகிறவர் தன் பங்குக்கு ஒரு வரி சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் மனசில்லாமல் போட்டதாக அர்த்தம். நான் யோசிக்கவே இல்லை. பழக்கதோஷத்தில் தாளை எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போனேன்.

டீக்கடை டோ கின், பொறியில் விழும் எலிகளை இவர் ஆற்றங்கரை வரைக்கும் நடந்துபோய் விட்டுவிட்டு வருவார் என்றார். பூக்காரி புறாவுக்கு நொய் போட்டதைச் சொன்னாள். கோயில் குருக்கள், கொசுவை அடிக்காமல் ஊதி விரட்டுவார் என்று எழுதச் சொன்னார். கோ தூனும் ஏழாவதாகக் கையெழுத்துப் போட்டு, என்னோடு ஒருநாளும் சண்டை பிடித்ததில்லை என்று ஒரு வரி கொடுத்தார். நாற்பத்திரண்டு கையெழுத்து. கடைசியில் கொஞ்சம் இடம் இருந்தது, நானும் ஒரு வரி சேர்த்தேன். இவ்வளவு நல்ல கடிதத்தை எந்த அலுவலகமும் பார்த்திருக்காது என்று பெருமையாகக்கூட இருந்தது.

மாமா அதை அலுவலகத்தில் கொடுத்துவிட்டு வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது. கடிதத்தின் லட்சணம் அல்ல, அது இன்னும் உறைக்கவில்லை. கோ தூனை எதிரி என்று எழுதிவிட்டோமே, இந்தக் காலத்தில் ஆளைப் பிடித்துக்கொண்டு போய்விட்டால் என்ன செய்வது? மூன்று நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. நான்காம் நாள் மூவரையும் வரச் சொல்லித் தகவல் வந்தது. மனுதாரர், எதிரி, கடிதம் எழுதியவர்.

அலுவலகத்தில் மின்விசிறி நின்றிருந்தது. அதிகாரி மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு எங்களை உட்காரச் சொன்னார். நானும் எதிரியும் உட்கார்ந்தோம். மாமா ஜன்னலுக்கும் பீரோவுக்கும் நடுவே நடக்கத் தொடங்கினார். அதிகாரி கடிதத்தை எலி, புறா, கொசு எல்லாவற்றோடும் வரிவரியாக வாய்விட்டுப் படித்தார். எனக்கு வேர்த்தது.

"இந்த கோ தூனால உங்க உயிருக்கு ஆபத்தா?" என்று பர்மியத்தில் கேட்டார்.

"ஆமா சயா" என்றார் மாமா. சயா என்றால் ஐயா.

"ஏழாவது கையெழுத்து இவர் போட்டதுதானே?"

"ஆமா சயா. நல்ல மனுஷன்."

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "சரி, லைசென்ஸ் குடுக்கறேன்னு வைங்க. இவர் உங்க கடைக்குத் திருட வர்றார். சுடுவீங்களா?"

மாமா நின்றார். கோ தூன், சுடுவேன் என்று சொல் என்பதுபோல அவரைப் பார்த்துத் தலையை ஆட்டினார். மாமா அதிகாரி பக்கம் திரும்பினார்.

"அவருக்கு சுகர் இருக்கு சயா. புண்ணு ஆறாது."

அதிகாரி கடிதத்தை மடித்து மாமாவின் கையில் கொடுத்தார். கோபப்படவில்லை. எதிரியைப் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை. இந்தக் கடிதத்தை வைத்துக்கொண்டு உங்களுக்குத் துப்பாக்கி கொடுத்தால் என்னைத்தான் உள்ளே வைப்பார்கள் என்று மட்டும் சொன்னார். அப்போதுதான் எனக்கு முழுதாக உறைத்தது. அந்த மனிதரின் பிழைப்பில் நானே என் கையெழுத்தால் மண்ணைப் போட்டுவிட்டேன்.

விளக்குத் திருநாளுக்கு முந்தைய திங்கட்கிழமை கம்பெனி ஆள் வந்தார். இடுப்பில் துப்பாக்கி, கையில் கைப்பேசி. வந்ததும் மாமாவின் தண்ணீர் பாட்டிலைத் தரையில் இறக்கி வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். மாமா பாட்டிலை எடுத்துக்கொண்டு சாலையைக் கடந்து என் கடைக்கு வந்தார். அவர் கடக்க யாரும் விசில் ஊதவில்லை. உள்ளே வந்து, வாடிக்கையாளர் முக்காலியில் உட்கார்ந்தார்.

ஆமாம், உட்கார்ந்தார். முதல் வரியில் ஒருவர்கூடக் கிடையாது என்றேன். நான் ஒருத்தி பார்த்துவிட்டேன். பார்த்திருக்க வேண்டாம் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். கைகளை எங்கே வைப்பதென்று தெரியாமல் மடியில் வைத்துக்கொண்டிருந்தார்.

"என்னாலதான் மாமா. அந்த லெட்டரை நான் மாத்தி எழுதியிருக்கணும்."

"நான் படிச்சுட்டுத்தான் குடுத்தேன் பாப்பா. ஆகாதுன்னு அப்பவே தெரியும்."

"தெரிஞ்சா ஏன் குடுத்தீங்க?"

"என்னைப் பத்தி யாரும் இதுவரைக்கும் எழுதினதில்லை. குடுக்காம எடுத்து உள்ள வைக்க மனசு வரல." சட்டைப் பையிலிருந்து அந்தக் கடிதத்தை எடுத்து நீட்டினார். "லேமினேட் பண்ணிக் குடு."

நல்லவேளை, மின்சாரம் இருந்தது. லேமினேட் ஆகி வெளியே வந்த சூட்டோடு அதை விரலால் தடவிப் பார்த்தார். கடைசி வரியில் விரல் நின்றது. இவருக்கு ஏதாவது ஆனால் எங்களால் தாங்க முடியாது என்று எழுதியிருந்தது.

"இது யார் சொன்ன வரி?"

"அது எல்லா லெட்டர்லயும் போடறதுதான் மாமா."

ஹொக்கே, ஹொக்கே என்று பர்மியத்தில் ஆமாம் போட்டுக்கொண்டு எழுந்து நடந்தார்.

மூன்றே நாள். நான்காம் நாள் நகைக்கடை முதலாளி தானே இன்சீனுக்குப் போய் மாமாவைக் கூட்டிவந்தார். விஷயம் இதுதான்: கம்பெனி ஆள் துப்பாக்கியோடு டீக்கடைக்குப் போகக் கூடாது, கழிப்பறைக்கும் போகக் கூடாது, துப்பாக்கியைப் பெட்டியில் பூட்டிவிட்டுப் போனால் பெட்டிக்குப் பக்கத்தில் ஓர் ஆள் நிற்க வேண்டுமாம். அவருக்கோ நாளைக்கு ஒன்பது தேநீர். நிற்கிற ஆள் என்றால் எங்கள் தெருவில் யார் இருக்கிறார்கள்? இப்போது கடைக்குத் துப்பாக்கி காவல், துப்பாக்கிக்கு மாமா காவல். நாற்காலி பாட்டிலுக்கே திரும்பிவிட்டது.

லைசென்ஸ் இருக்கிறதா என்று யாராவது கிண்டலாகக் கேட்டால், மாமா சட்டைப் பையிலிருந்து லேமினேட் போட்ட கடிதத்தை எடுத்துக் காட்டுகிறார். நேற்றுகூட நான் தேநீருக்குக் கிளம்பியபோது நீளமாக ஊதி இரண்டு பேருந்துகளை நிறுத்திவிட்டார். ஓட்டுநர்கள் என்னை முறைத்தார்கள். நானும் மாமாவை முறைத்துக்கொண்டே கடந்தேன்.

எல்லாக் கடிதத்திலும் போடுவது என்று அன்றைக்குச் சொன்னேனே, அது பொய். அந்த வரியை நான் வேறு யாருக்கும் எழுதியதில்லை.